அவுரி முன்பணமும் 420ஆம் பிரிவும்

ஏமாற்றுக்காரனை ‘ஃபோர் டுவென்டி’ என்று இகழும் வழக்கம் தமிழிலும் இந்தியிலும் வேரூன்றிவிட்டது. 1955இல் ராஜ் கபூர் தம் திரைப்படத்திற்கு ‘ஸ்ரீ 420’ எனப் பெயரிட்டதும் அதனால்தான். நீரிணைக் குடியேற்றங்களில் 1871இல் இயற்றப்பட்ட தண்டனைச் சட்டம் இந்தியச் சட்டத்தைப் பின்பற்றியமையால், மலேசியாவிலும் சிங்கப்பூரிலும் மோசடிக்குரிய பிரிவு அதே எண்ணைத் தாங்கி நிற்கின்றது. ஆனால், அப்பிரிவின்கீழ்க் குற்றஞ்சாட்டப்பட்டவர் சாட்சி விசாரணை தொடங்குமுன்னரே வழக்கை முடித்துவிட முயலும் வழி இந்தியாவில் தனித்ததொரு வரலாறுடையது. அவ்வரலாற்றையே இக்கட்டுரை நோக்குகின்றது.

1860ஆம் ஆண்டு இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 415ஆம் பிரிவு மோசடியை வரையறுக்கின்றது. அதன் எடுத்துக்காட்டுகளுள் ஒன்று அவுரியைப் பற்றியது. அவுரிச்செடி தரும் எண்ணமே இல்லாமல், தருவதாக நம்பவைத்து முன்பணம் பெறுபவன் மோசடிக்காரன். பணம் பெறும் வேளையில் தரும் எண்ணம் இருந்து, பின்னர் தவறியவனோ உரிமையியல் வழக்கிற்கு மட்டுமே ஆளாவான். இவ்வெடுத்துக்காட்டு வெறும் கற்பனையன்று. வங்காளத்தில் முன்பணத்தால் பிணைக்கப்பட்ட உழவர்கள் அவுரி பயிரிட மறுத்தெழுந்த காலம் அது. தோட்ட முதலாளிகளுக்குத் துணையாக, ஒப்பந்தம் மீறுவதையே குற்றமாக்கிய 1860ஆம் ஆண்டின் 11ஆம் சட்டம் ஆறு மாதம் நடைமுறையிலிருந்தது. அதே ஆண்டு அக்டோபரில் நிறைவேறிய தண்டனைச் சட்டமோ, வாக்குத் தவறுதல் வேறு, வஞ்சித்தல் வேறு எனக் கோடு கிழித்தது.

கோடு இருந்தது, அதைக் காட்டி விசாரணைக்கு முன்பே விடுபடும் வழி தெளிவாக இல்லை. 1898ஆம் ஆண்டுக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 561அ என்னும் பிரிவு 1923இல் சேர்க்கப்பட்டு, நீதிமன்ற நடைமுறை தவறாகப் பயன்படுத்தப்படுவதைத் தடுக்கும் உயர்நீதிமன்றத்தின் உள்ளார்ந்த அதிகாரம் எழுத்தில் ஏற்கப்பட்டது. ஆயினும் 1944இல், பஞ்சாபிலிருந்து எழுந்த குவாஜா நசீர் அகமது வழக்கில், பிரிவி கவுன்சில் அதற்கு எல்லை வகுத்தது. இப்பிரிவு புதிய அதிகாரம் எதனையும் தரவில்லை என்றும், காவல்துறையின் புலன்விசாரணையில் நீதிமன்றம் குறுக்கிடலாகாது என்றும் அது கருதியது.

1960இல் உச்சநீதிமன்றம் தீர்த்த ஆர்.பி. கபூர் வழக்கு 420ஆம் பிரிவைச் சார்ந்ததே. புகாரை அப்படியே மெய்யெனக் கொண்டாலும் குற்றம் அமையாதெனில் வழக்கை இரத்துச் செய்யலாம் என்பது அங்கு வகுத்துரைக்கப்பட்ட நெறிகளுள் ஒன்று. எனினும் நெறிக்குக் காரணமான அம்மனு தள்ளுபடியாயிற்று! 2000ஆம் ஆண்டில் ஹிருதய ரஞ்சன் பிரசாத் வர்மா வழக்கில்தான், நில விற்பனையால் எழுந்த மோசடி வழக்கொன்று, தொடக்கத்திலேயே வஞ்சக எண்ணம் இருந்ததாகப் புகாரில் காட்டப்படாமையால் இரத்தாயிற்று.

இங்கு ஓர் இடர்ப்பாடு உண்டு. எண்ணம் என்பது சாட்சியத்தால் அறியப்படுவது. இம்மனுவை விசாரிக்கும் நீதிபதியோ சாட்சியத்தை எடைபோடக் கூடாதவர். ஆகவே புகாரின் சொற்களே வழக்கின் தலைவிதியாகின்றன. கடன் கொடுத்தவர் காவல்துறையைக் கொண்டு கடனை வசூலிக்கப் பார்க்கிறார் என்பது ஒரு பக்கம். மெய்யாகவே வஞ்சிக்கப்பட்டவர், புகாரைத் திறம்பட எழுதத் தெரியாமையால் விசாரணையையே இழக்கக்கூடும் என்பது மறுபக்கம். பின்னதற்கு உரிய கவனம் கிட்டவில்லை என்பது என் கருத்து.

சமரசம் மற்றொரு வழி. 1973ஆம் ஆண்டு நடைமுறைச் சட்டப்படி, 420ஆம் பிரிவுக் குற்றத்தை நீதிமன்ற அனுமதியுடன் சமரசமாக முடிக்கலாம். சமரசத்திற்கு இடமில்லாத குற்றங்கள் உடன்சேர்ந்திருப்பினும், வணிகத் தகராறின் இயல்புடைய வழக்கை உயர்நீதிமன்றம் இரத்துச் செய்யலாம் என 2012இல் கியான் சிங் வழக்கு வழிவிட்டது. மலேசியாவில் 1957ஆம் ஆண்டுக் கூட்டரசு அரசியலமைப்பு, வழக்கைத் தொடரவும் கைவிடவுமான அதிகாரத்தைச் சட்டத்துறைத் தலைவரிடமே ஒப்படைத்தது. பிரிவின் எண் ஒன்றாயினும் வாயிற்காவலர் வேறு.

2024 ஜூலை 1 முதல் இந்தியாவில் 420 என்னும் எண் மறைந்து, பாரதிய நியாய சன்ஹிதாவின் 318(4)ஆம் பிரிவாயிற்று. உள்ளார்ந்த அதிகாரம் நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 528ஆம் பிரிவுக்கு இடம்பெயர்ந்தது. அவுரி எடுத்துக்காட்டு மட்டும் புதிய சட்டத்திலும் அப்படியே இருக்கின்றது.