கொடுமணலின் பாதி மணி

சென்ற வாரம் கரூரில் அமராவதிக் கரையில் நின்றோம். இந்த வாரம் மேற்கே திரும்பி, நொய்யலைப் பிடித்துக்கொண்டு மேலேறுவோம். சென்னிமலையிலிருந்து மேற்கே ஏறத்தாழ 15 கிலோமீட்டர். ஈரோடு மாவட்டம் பெருந்துறை வட்டத்தில், ஆற்றின் வடகரையில் கொடுமணல் இருக்கிறது. கிளுவை வேலி போட்ட மேட்டுக்காடுகள், அங்கங்கே வெள்வேல மரம், காலில் இடறும் சரளைக்கல். கோட்டை இல்லை, கோபுரம் பார்க்க வருகிற கூட்டமும் இல்லை. பேருந்தில் போகிறவர் தலையைத் திருப்பிப் பார்க்கும்படி எதுவும் கண்ணில் படாது.

ஆனால் பதிற்றுப்பத்துப் புலவர்கள் இருவருக்கு இந்த ஊரைத் தெரிந்திருக்கிறது. செல்வக் கடுங்கோ வாழியாதனைப் பாடிய கபிலரும், பெருஞ்சேரல் இரும்பொறையைப் பாடிய அரிசில்கிழாரும் 'கொடுமணம்' என்று ஓர் ஊரைச் சொல்கிறார்கள். அங்கே செய்த அணிகலன்களின் வேலைப்பாட்டை அரிசில்கிழார் மெச்சுகிறார். அந்தக் கொடுமணம் இந்தக் கொடுமணல்தான் என்பது ஆய்வாளர்கள் கருத்து.

1985இல் தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகம் இங்கே அகழாய்வைத் தொடங்கியது. எ. சுப்பராயலு, கா. ராஜன் போன்றோர் அடுத்தடுத்துத் தோண்டினார்கள். அண்மை ஆண்டுகளில் மாநிலத் தொல்லியல் துறையும் தோண்டியது. கரிமக் காலக்கணிப்பு ஊரின் வயதை கி.மு. 5ஆம் நூற்றாண்டு வரை கொண்டுபோய் விட்டிருக்கிறது.

குழிகளில் கிடைத்தவற்றில் என் மனம் நிற்பது ஒரே பொருளில்தான்: பாதியில் விட்ட மணி. உடைத்த கல், செதுக்கிய கல், தேய்த்த கல், துளை முடியாத கல் என்று வேலையின் ஒவ்வொரு படியும் மண்ணில் அப்படியே கிடந்தது. பளிங்கு, சூதுபவளம், பெரில் என்னும் பச்சைக்கல், நீலக்கல் எல்லாம் இரும்பு ஊசிக்கு மசியாதவை. அவற்றைவிடக் கடினமான கல்லின் துணுக்கையோ தூளையோ துணைக்கு வைத்துக்கொண்டு, துளைக்கோலைச் சுழற்றிச் சுழற்றி மயிரிழை மயிரிழையாக இறக்க வேண்டும். கை கொஞ்சம் நழுவினாலும் மணி பிளந்துவிடும். அதுவரை பட்ட பாடெல்லாம் குப்பைக்கு. அந்தக் குப்பைதான் இன்று நமக்கு ஆவணம். விற்றுப்போன மணி எந்த ஊரில் செய்தது என்று சொல்லாது. வீணாய்ப்போன மணி சொல்லும்.

இந்த ஊரில் ஏன் இந்தத் தொழில்? பதில் நிலத்தில் இருக்கிறது. பச்சைக்கல்லுக்குப் பக்கத்திலேயே படியூர், நீலக்கல்லுக்குச் சிவன்மலை. படியூரில் கும்பினி ஆட்சிக் காலத்தில்கூட, 1819-20இல், பச்சைக்கல் வெட்டியெடுத்தார்கள். சூதுபவளம் மட்டும் குஜராத்திலிருந்து வர வேண்டியிருந்தது. இரும்பை உருக்கிய உலைகளும் கொடுமணலிலேயே இருந்தன.

வாங்க ஆள்? ஊர் இருந்தது பெருவழியில். மேற்கே பாலக்காட்டுக் கணவாய் வழியாக முசிறித் துறைமுகம், கிழக்கே சேரர் தலைநகரான கரூர். இதே நொய்யல் கரையில், கோவைக்கு அருகே வெள்ளலூரில் 1842இல் ரோமானிய வெள்ளிக்காசுப் புதையல் கிடைத்தது. பெரில் இந்தியாவிலிருந்து வருகிறது என்று ரோமானிய எழுத்தாளர் பிளினி எழுதிவைத்திருக்கிறார்.

பானை ஓடுகளில் தமிழ் பிராமியில் பெயர்களைக் கீறியிருக்கிறார்கள். ஆதன், சம்பன் என்று நூற்றுக்கணக்கான ஓடுகள். ஒன்றில் வணிகக் குழுவைக் குறிக்கும் 'நிகம' என்ற சொல் இருக்கிறது. ஊரையொட்டிய இடுகாட்டில் கல்வட்டங்கள், பலகைக் கற்களால் கட்டிய கற்பதுக்கைகள், அவற்றின் சுவரில் இடுதுளைகள். ஒரே ஈமச்சின்னத்தில் இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட சூதுபவள மணிகள்! செய்ததையெல்லாம் விற்றுவிடவில்லை, செத்தவருக்கும் கொடுத்தனுப்பியிருக்கிறார்கள்.

காலப்போக்கில் கடல் வணிகம் மங்கியது, பட்டறைகள் ஓய்ந்தன. கொடுமணல் விவசாயக் கிராமமானது.

வெள்ளியங்கிரி மலையில் பிறந்து காவிரியில் சேரும் நொய்யல் இப்போது எப்படி இருக்கிறது? 1992இல் கொடுமணலுக்கு அருகே ஒரத்துப்பாளையத்தில் அணை கட்டினார்கள். திருப்பூர்ச் சாயக்கழிவு அதில் தேங்கியது. பாசனத்துக்கு என்று கட்டிய அணையின் நீர் பயிருக்கு ஆகாமல் போயிற்று. விவசாயிகள் நீதிமன்றப் படி ஏறினார்கள். 2011 ஜனவரியில் சென்னை உயர் நீதிமன்றம் சாயப்பட்டறைகளை மூட உத்தரவிடும் அளவுக்கு நிலைமை முற்றியிருந்தது. அன்றும் இந்த ஆற்றங்கரைச் சரக்கு கடல் தாண்டிப் போனது, இன்றும் போகிறது. அன்றைய தொழில் விட்டுப்போன கழிவு கல் துணுக்கு. அதைப் பொறுக்கி நாம் வரலாறு எழுதுகிறோம். இன்றைய கழிவை யார் பொறுக்குவது?

கொடுமணலுக்குப் போகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. காட்டில் நடக்கும்போது காலடியில் ஒரு மணி மின்னினால், சட்டைப்பையில் போடாதீர்கள். கிடந்த இடத்தை விட்டு நகர்ந்தால் அது வெறும் கல். கிடந்த இடத்தோடு சேர்ந்தால்தான் சாட்சி.

(தொடரும்)