அவளுக்காக அழுதவர் யார்?

1909ஆம் ஆண்டு முதல் தியாகிலெவின் ரஷ்ய பாலே குழு, ஆடல், இசை, ஓவியம் மூன்றையும் பாரிஸ் மேடையில் ஒன்றிணைத்தது. நவீன நடனமும் இசையும் அதற்குப் பெரிதும் கடன்பட்டுள்ளன. 1913 மே 29 அன்று அது அரங்கேற்றிய ‘வசந்தத்தின் சடங்கு’ அரங்கில் பெருங்கூச்சலை எழுப்பிற்று. இசை ஸ்ட்ராவின்ஸ்கியுடையது, நடன அமைப்பு நிஜின்ஸ்கியுடையது. காற்றில் மிதப்பதே பாலேயின் அழகு என்றிருந்த காலத்தில், ஆடுவோர் பாதங்களை உட்புறம் திருப்பித் தரையை ஓங்கி மிதித்தனர். தாளம் ஓயாமல் மாறியது.

வடிவத்தின் புதுமையைக் கண்டோர் கூச்சலிட்டனர். நாமோ கதையையும் நோக்குவோம். பண்டைய ரஷ்யாவில், வசந்தத்திற்குப் பலியாக ஓர் இளம்பெண் தேர்ந்தெடுக்கப்படுகிறாள். மூத்தோர் சூழ்ந்திருந்து பார்க்க, ஆடி ஆடியே உயிர் விடுகிறாள். அவளுக்காக அழுவார் அங்கு எவருமில்லை. ஊர் வாழ ஒருவர் சாகலாம் என்னும் இக்கணக்கைக் கயபாவும் அறிந்திருந்தார். ஆனால், கல்வாரிப் பாதையில் எருசலேம் மகளிர் அழுதனர். சிலுவையடியில் அன்னை மரியா நின்றார்.

1926இல் ஸ்ட்ராவின்ஸ்கி தம் ஆர்த்தடாக்ஸ் திருச்சபை வாழ்வுக்குத் திரும்பினார். 1930இல் ‘திருப்பாடல்களின் சிம்பொனி’யை இறைமாட்சிக்கென இயற்றினார். தன் மன்றாட்டையும் கண்ணீரையும் கேட்டருளுமாறு இறைவனை அழைக்கும் குரலே அதன் தொடக்கம். வசந்தச் சடங்கின் பெண்ணுக்குக் கிட்டாத குரல் அது!

நம் இல்லங்களின் செழிப்புக்காகத் தம்மையே கரைத்துக்கொள்வோர் உண்டு. நாம் அம்மூத்தோரைப்போல் சூழ்ந்திருந்து பார்க்கின்றோமா, அன்னையைப்போல் அருகில் நிற்கின்றோமா?