1974ஆம் ஆண்டின் தர்மக் கேடயப் போட்டி

இங்கிலாந்தில் கால்பந்து லீக் பந்தயத்தில் முதலிடம் பெற்ற குழுவும் எஃப்.ஏ. கோப்பையை வென்ற குழுவும் ஆட்டப் பருவத்தின் தொடக்கத்தில் எதிர்த்து ஆடும் ‘சாரிட்டி ஷீல்டு’ என்று அந்நாளில் வழங்கிய தர்மக் கேடயப் போட்டிகளுள் மிகவும் பிரசித்தி பெற்றது, 1974 ஆகஸ்டு 10ஆம் தேதி லண்டன் வெம்பிளி மைதானத்தில் லீட்ஸ் யுனைடெட்டும் லிவர்பூலும் ஆடிய ஆட்டமாகும்.

1908இல் தோன்றிய இக்கேடயம் நாளடைவில் தன் கௌரவத்தைப் பெரிதும் இழந்திருந்தது. தகுதி பெற்ற குழுக்களே ஆட மறுத்ததும் உண்டு. 1973இல் லீக்கை வென்ற குழுவோ கோப்பையை வென்ற குழுவோ இன்றி, மான்செஸ்டர் சிட்டியும் பர்ன்லியும் ஆடின. ஆகவே கால்பந்துச் சங்கத்தின் காரியதரிசி டெட் குரோக்கர், வெற்றி பெற்ற இரு குழுக்களையும் வெம்பிளியிலேயே சந்திக்கச் செய்து, வசூலைத் தர்ம காரியங்களுக்கு அளிக்கும் ஏற்பாட்டை வகுத்தார். அந்த ஏற்பாட்டின் முதல் ஆட்டமே இது.

முந்தைய பருவத்தில் முதல் 29 லீக் ஆட்டங்களில் தோல்வியே காணாத லீட்ஸை உருவாக்கிய டான் ரெவி, இங்கிலாந்து தேசியக் குழுவின் பொறுப்பை ஏற்றுச் சென்றுவிட்டார். அவர் ஸ்தானத்துக்கு, அக்குழுவின் ஆட்ட முறையைப் பகிரங்கமாகக் கண்டித்து வந்த பிரையன் கிளஃப் நியமிக்கப்பட்டிருந்தார். மறுபுறம், நியூகாசிலை 3–0 என வென்று கோப்பையைக் கொணர்ந்த லிவர்பூல் மேலாளர் பில் ஷாங்க்லி, ஓய்வு பெறுவதாக ஜூலையிலேயே அறிவித்துவிட்டு, தம் வீரர்களைக் கடைசி முறையாக அன்று மைதானத்துக்கு அழைத்து வந்தார். ஏறக்குறைய பதினைந்து ஆண்டுகாலம் ஒரு ஸ்தாபனத்துக்குத் தம்மை அர்ப்பணித்த அம்மனிதருக்கு இதைவிடச் சாந்தமான வழியனுப்பு வாய்த்திருக்க வேண்டும்.

19ஆம் நிமிஷத்தில் பில் போயர்ஸ்மா லிவர்பூலுக்குக் கோல் போட்டார். ஆனால் ஆட்டம் தொடக்கமுதலே முரட்டுத்தனமாக நடந்து, இடைவேளைக்குப் பின் லிவர்பூலின் கெவின் கீகனும் லீட்ஸ் தலைவர் பில்லி பிரெம்னரும் கைகலக்கும் அளவுக்கு முற்றிற்று. நடுவர் பாப் மாத்யூசன் இருவரையும் வெளியேற்றினார். அவர்கள் சட்டையைக் கழற்றி எறிந்து, வெற்று மார்புடன் நடந்து சென்ற காட்சி ரசிகர்களைத் திகைக்க வைத்தது. 1966இல் அர்ஜென்டினக் குழுத் தலைவர் ரத்தீன் வெம்பிளியிலிருந்து வெளியேற்றப்பட்டதுண்டு என்றாலும், பிரிட்டிஷ் ஆட்டக்காரர் எவருக்கும் அங்கே அதுவரை அந்த அவமானம் நேர்ந்ததில்லை. தர்மத்தின் பெயரால் கூடிய சபையில் இது நிகழ்ந்தது மிகவும் வருந்தத்தக்கது; நடுவர் காட்டிய கண்டிப்போ சற்றும் மிகையானதன்று.

பத்துப் பத்துப் பேராகத் தொடர்ந்த ஆட்டத்தில், 70ஆம் நிமிஷத்தில் டிரெவர் செரி கோல் போட்டு 1–1 எனச் சமன்செய்தார். ஆட்டம் சமனாகவே முடிய, பெனால்டி உதைகளில் இரு தரப்பிலும் ஐவரும் தவறாமல் கோலாக்க, ஆறாவதாக உதைத்த லீட்ஸ் கோல்காப்பாளர் டேவிட் ஹார்வி தவறினார். இயன் கல்லகன் நிதானமாக உதைத்து லிவர்பூலுக்கு 6–5 எனக் கேடயத்தைப் பெற்றுத் தந்தார்.

கீகனுக்கும் பிரெம்னருக்கும் தலைக்கு 500 பவுன் அபராதத்துடன் 11 ஆட்டத் தடையும் விதிக்கப்பட்டது. அதன் பலனை அதிகம் அனுபவித்தவர் கிளஃப்தான்: தம்மிடம் பிரியம் கொள்ளாத வீரர்களிடையே, தலைவரின் துணையையும் இழந்த அவர், பதவியேற்ற 44ஆம் நாளில் நீக்கப்பட்டார். லீட்ஸோ ஜிம்மி ஆர்ம்ஃபீல்டின் பொறுப்பில், பிரெம்னரே தலைமை தாங்க, 1975 மே மாதம் பாரிஸில் ஐரோப்பியக் கோப்பையின் இறுதி ஆட்டம் வரை சென்று, பயர்ன் மியூனிக்கிடம் தோற்றது.