பதினாறாம் பகுதி நிலங்கள்

அமெரிக்காவில் அரசுப் பள்ளிகளின் செலவுக்கென ஒதுக்கப்பட்ட நிலங்கள். 1785 மே 20 அன்று அமெரிக்க காங்கிரஸ் நிறைவேற்றிய நிலச் சட்டம், மேற்கு நிலங்களை ஆறு மைல் நீள அகலமுள்ள சதுரங்களாக அளந்து, ஒவ்வொன்றையும் 36 பகுதிகளாகப் பிரிக்கச் சொன்னது. ஒரு பகுதி 640 ஏக்கர். அவற்றில் 16ஆம் எண்ணுள்ளது அந்த வட்டாரப் பள்ளிகளுக்கு. பள்ளிக்கூடம் கட்டுவதற்கான மனை அல்ல அது. வருமானம் தேடிக்கொள்வதற்கான சொத்து. அதனால் அதை வணிகத்துக்கு விடலாமா என்ற சண்டை பெரிதாக எழவில்லை. யாருக்கு, என்ன விலைக்கு, எத்தனை ஆண்டுக்கு என்பதில்தான் வழக்குகள் மூண்டன.

மிகவும் பேசப்பட்டது சிகாகோ. நகரத்தின் இதயம் போன்ற வணிகப் பகுதியே அங்குப் பள்ளி நிலத்தில் அமைந்தது. இன்று கதவு எண்கள் தொடங்கும் ஸ்டேட், மேடிசன் தெருக்களின் சந்திப்பு, 16ஆம் பகுதியின் வடகிழக்கு மூலை. 1833 அக்டோபரில், ஊர் சிற்றூராக இருந்தபோதே, 142 மனைத் தொகுதிகளில் நான்கைத் தவிர மற்றவை 39,000 டாலருக்கும் குறைவான தொகைக்கு ஏலம் போயின. எஞ்சியவற்றில் ஒன்று அந்த மூலையை ஒட்டிய தொகுதி. அதன் குத்தகைதாரர்களுள் ஒன்று ‘சிகாகோ டிரிபியூன்’ நாளிதழ்.

நிலத்தின் மதிப்பு ஏற ஏற வாடகையையும் குறிப்பிட்ட ஆண்டுகளுக்கு ஒருமுறை திரும்ப மதிப்பிட வேண்டும் என்ற விதி குத்தகைப் பத்திரங்களில் இருந்தது. 1895இல் டிரிபியூன் உள்ளிட்ட சிலருக்கு அந்த விதி நீக்கப்பட்டது. குத்தகையோ 1985 வரை. அப்போதைய பள்ளி வாரியத் தலைவர், டிரிபியூனின் வழக்கறிஞராக இருந்தவர். வேலியே பயிரை மேய்ந்தது என்பதற்கு இதைவிட நல்ல சான்று கிடைப்பது அரிது. 1897இல் தோன்றிய சிகாகோ ஆசிரியர் கூட்டமைப்பின் மார்கரெட் ஹேலியும் கேதரின் காகினும் இந்தக் குத்தகையைப் பொதுப் பிரச்சினையாக்கினர். சம்பளம் கொடுக்கப் பணமில்லை என்று வாரியம் கைவிரித்துக்கொண்டிருந்த காலம் அது. குத்தகைத் திருத்தத்தை ரத்து செய்யக் கோரிய வழக்கு இல்லினாய் உச்ச நீதிமன்றம் வரை சென்றது. டிரிபியூனே வென்றது.

இத்தகைய கசப்புகளுக்குப் பின் காங்கிரஸ் பிடியை இறுக்கியது. அரிசோனா, நியூ மெக்சிகோ மாநிலங்கள் உருவாக வழிவகுத்த 1910ஆம் ஆண்டுச் சட்டம், பள்ளி நிலங்களை அறக்கட்டளைச் சொத்தாகவே அறிவித்து, மதிப்பீடும் பொது ஏலமும் வேண்டும் என்று நிபந்தனை விதித்தது. அரிசோனாவின் நெடுஞ்சாலைத் துறை பள்ளி நிலத்தை இலவசமாக எடுத்துக்கொள்ள முடியாது, முழு மதிப்பையும் ஈடாகத் தர வேண்டும் என்று 1967இல் கூட்டரசு உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அங்கேயே சுரங்க நிறுவனங்களிடம் ஏலமும் மதிப்பீடும் இன்றி 5 சதவீத ராயல்டி மட்டும் வாங்கிவந்த மாநிலச் சட்டமும் 1989இல் வீழ்ந்தது. வாஷிங்டன் மாநிலத்தில், மர விலை சரிந்ததும் வெட்டு ஒப்பந்தங்களிலிருந்து நிறுவனங்களை விடுவித்த 1982ஆம் ஆண்டுச் சட்டத்தை, அறக்கட்டளைக்குத் துரோகம் என்று கருதி அம்மாநில உச்ச நீதிமன்றம் 1984இல் தள்ளியது.

மிசிசிப்பியின் கதை வேறு. அங்கு 1978ஆம் ஆண்டுச் சீர்திருத்தச் சட்டம் அடிமாட்டு வாடகைக் குத்தகைகளுக்கு முடிவுகட்ட முனைந்தது. ஆனால் வடக்கே, சிக்கசா பழங்குடியினரிடமிருந்து பெற்ற பகுதியில், பள்ளிகளுக்குச் சேர வேண்டிய 1,74,555 ஏக்கர் மாற்று நிலம் 19ஆம் நூற்றாண்டிலேயே விற்கப்பட்டுவிட்டது. அந்தப் பணம் 8 சதவீத வட்டிக்கு ரயில்வே நிறுவனங்களுக்குப் போனது. உள்நாட்டுப் போரில் ரயில் பாதைகள் அழிந்தன, முதலும் போயிற்று. 1984இல் பிற மாவட்டங்களில் மாணவர் ஒருவருக்கு இந்நிலங்களால் சராசரியாக 75.34 டாலர் கிடைத்தது. சிக்கசா பகுதியில் கிடைத்தது 63 சென்ட். அப்பகுதிப் பள்ளி அதிகாரிகளும் மாணவர்களும் தொடுத்த வழக்கில் 1986இல் கூட்டரசு உச்ச நீதிமன்றம், அறக்கட்டளை மீறல் கோரிக்கையை அரசியலமைப்பின் 11ஆம் திருத்தம் தடுக்கிறது என்றது; இன்றைய பாகுபாடு சமத்துவ உரிமைக்கு முரணா என்ற கேள்வியை மட்டும் கீழமை நீதிமன்றத்துக்குத் திருப்பி அனுப்பியது.