கேஸ் முடிஞ்சது, ஷூட்டிங் ஆரம்பிச்சது: சானி கிராஸோவின் இரண்டாவது வேலை

நாம பார்க்கிற போலீஸ் படங்கள்ல, போலீஸ் எப்படி நடக்கணும், எப்படி விசாரிக்கணும்னு யார் சொல்லிக் கொடுக்கிறாங்க? பெரும்பாலும் ஒரு முன்னாள் போலீஸ்தான். இன்னைக்கு அப்படி ஒருத்தரோட கதை.

1961 அக்டோபர், நியூயார்க். போதைப்பொருள் பிரிவு டிடெக்டிவ்ஸ் எடி ஈகன், சானி கிராஸோ ரெண்டு பேரும் டூட்டி முடிஞ்சு கோபகபானா நைட்கிளப்புக்குப் போறாங்க. அங்க ஒருத்தன் காசைத் தண்ணியா செலவழிக்கிறான். பின்னாடியே போய்ப் பார்த்தா, புரூக்ளின்ல சின்ன சாப்பாட்டுக் கடை வச்சிருக்கிற ஆளு. இவ்ளோ காசு எங்கிருந்து வந்துச்சு? அந்த ஒரு சந்தேகத்தைப் பிடிச்சுக்கிட்டே போய், 1962 ஜனவரியில் பிரான்ஸ்ல இருந்து வந்த ஹெராயினைப் பிடிச்சாங்க. ஒரு பிரெஞ்சு டிவி தொகுப்பாளரோட பியூக் காருக்குள்ள ஒளிச்சு வந்த சரக்கு, கிட்டத்தட்ட 50 கிலோ.

1969-ல ராபின் மூர் இதைப் புத்தகமாக எழுதினார். 1971-ல வில்லியம் ஃப்ரீட்கின் 'தி ஃப்ரெஞ்ச் கனெக்‌ஷன்' படமாக எடுத்தார். ஜீன் ஹேக்மேனும் ராய் ஷைடரும் இந்த ரெண்டு பேரோட ரோந்து போய்த்தான் வேலையைக் கத்துக்கிட்டாங்க. ஈகன், தன்னை வச்சு எழுதின பாத்திரத்துக்கே மேலதிகாரியா நடிச்சார்! கிராஸோ ஃபெடரல் ஏஜென்டா வந்தார். அந்தப் புகழ்பெற்ற கார் சேஸ் மட்டும் நிஜ கேஸ்ல கிடையாது. படத்துக்கு 5 ஆஸ்கர்.

இப்போ தேதியைக் கவனிங்க. படம் வந்தது 1971 அக்டோபர். அதே மாசம், அதே ஊர்ல, போலீஸ் லஞ்சத்தை விசாரிச்ச நேப் கமிஷன் பொது விசாரணையைத் தொடங்கிச்சு. தியேட்டர்ல போலீஸ் ஹீரோ. விசாரணையில போலீஸ் மாமூல் வாங்கின கதை.

இதைவிடப் பெரிய அடி 1972 டிசம்பர்ல. போலீஸ் சொத்துப் பாதுகாப்பு அறையில இருந்த ஹெராயின் பைகளை சோதிச்சா, உள்ள மாவு! மாவைத் தின்ன பூச்சிகள் வந்ததாலதான் விஷயமே வெளிய வந்துச்சு. அந்த 1962 கேஸ் சரக்கும் சேர்த்து, மொத்தம் சுமார் 180 கிலோ போதைப்பொருள் காணோம். ரெஜிஸ்டர்ல ஒரு போலீஸ் பெயரும் பேட்ஜ் நம்பரும் எழுதி கையெழுத்து போட்டா பொருள் கைக்கு வந்துடும். நம்ம மொழியில சொன்னா லாகின் இருக்கு, பாஸ்வேர்டு செக் இல்ல. பிடிச்ச ஹெராயின் போலீஸ் அலுவலகம் வழியாவே தெருவுக்குத் திரும்பிடுச்சு.

இந்தத் திருட்டைப் பற்றி ஈகன் மேலயோ கிராஸோ மேலயோ நான் எதுவும் சொல்ல வரல. என் கேள்வி வேற: எந்தக் கதை படமாச்சு? 1975-ல ரெண்டாம் பாகம் வந்துச்சு. கையிலயே இப்படி ஒரு திரைக்கதை கிடக்கும்போது, ஹீரோவை மார்செய்க்கு அனுப்பிட்டாங்க.

கிராஸோவுக்கு 'தி காட்ஃபாதர்'ல தொழில்நுட்ப ஆலோசகர் வேலை கிடைச்சது, 1973-ல வந்த 'தி செவன்-அப்ஸ்' அவரோட கதை. போலீஸ் வேலையை விட்ட பிறகு லாரி ஜேக்கப்சனோட சேர்ந்து தயாரிப்பு நிறுவனம் ஆரம்பிச்சார். 'நைட் ஹீட்' அவங்க தயாரிப்பு. அப்புறம் 'டாப் காப்ஸ்'. அதுல நிஜ போலீஸ்காரங்களே கேமரா முன்னாடி உட்கார்ந்து தங்களோட வீரக் கதையைச் சொல்வாங்க. எதிர்தரப்புக்கு நாற்காலி போடல. 2020 ஜனவரியில் கிராஸோ இறந்தார்.