திரைக்குப் பின்னால் ஒரு பெண்மணி: மரியன் டோஹர்ட்டி

படம் பார்த்துவிட்டு வெளியே வரும்போது நாம் என்ன பேசிக்கொள்வோம்? "ஹீரோ கலக்கிட்டார்", "வில்லன் சூப்பர்", "டைரக்டர் கில்லாடி". அந்த நடிகரை அந்த வேடத்துக்கு முதலில் நினைத்தது யார் என்று என்றாவது கேட்டிருக்கிறோமா? 'காஸ்டிங் பை' (2012) என்ற ஆவணப்படத்தைப் பார்க்கும்வரை நானும் கேட்டதில்லை. அதன் நாயகி மரியன் டோஹர்ட்டி. தொழில், காஸ்டிங் டைரக்டர். அதாவது நடிகர்களைத் தேர்ந்தெடுத்துக் கொடுப்பவர்.

மரியன் 1923இல் அமெரிக்காவின் பென்சில்வேனியாவில் பிறந்தவர். நியூயார்க் தொலைக்காட்சியில்தான் தொழில் கற்றார். அங்கே 'க்ராஃப்ட் டெலிவிஷன் தியேட்டர்' என்ற நிகழ்ச்சி வாராவாரம் ஒரு நாடகத்தை நேரடியாக ஒளிபரப்பியது. ரீடேக் கிடையாது! வாரம் ஒரு நாடகம் என்றால் வாரம் ஒரு நடிகர் பட்டாளம் வேண்டும். பெரிய நட்சத்திரங்களுக்குக் கொடுக்கப் பணம் ஏது? புதியவர்களைத்தான் தேட வேண்டும்.

அன்றைய ஹாலிவுட் ஸ்டூடியோக்கள் நடிகர்களை மாதச் சம்பளக்காரர்கள் போல ஒப்பந்தத்தில் வைத்திருந்தன. ஒரு வேடத்துக்கு ஆள் வேண்டுமென்றால் பட்டியலைப் புரட்டி, முகத்தைப் பார்த்து, "இவர் போலீஸ், இவர் டாக்டர்" என்று ஒதுக்கிவிடுவார்கள். மரியன் அப்படிச் செய்யவில்லை. மேடை நாடகங்களைப் பார்த்தார், வாய்ப்புத் தேடி வந்தவர்களிடம் பேசினார், கவனித்ததைச் சிறு அட்டைகளில் குறித்து வைத்தார். 1958 முதல் 1963 வரை வந்த 'நேக்கட் சிட்டி' தொடரில் ராபர்ட் ரெட்ஃபோர்டு, ராபர்ட் டுவால், டஸ்டின் ஹாஃப்மன் எல்லாம் யாருக்கும் தெரியாத இளைஞர்களாக வந்து போனார்கள்.

அதே தொடரில் ஜான் வாய்ட் என்ற இளைஞருக்கும் ஒரு வேடம் கொடுத்தார். வாய்ட் சொதப்பிவிட்டார். வேறு யாராவது என்றால் அவர் பெயரை அன்றே அடித்திருப்பார்கள். மரியன் மறக்கவில்லை. சில ஆண்டுகள் கழித்து ஜான் ஷ்லெசிங்கர் 'மிட்நைட் கௌபாய்' எடுக்கத் தொடங்கினார். முக்கிய வேடத்துக்கு வாய்ட்டைப் பாருங்கள் என்று வற்புறுத்தியவர் மரியன்தான். 1969இல் வெளிவந்த அந்தப் படம் சிறந்த படத்துக்கான ஆஸ்கரை வென்றது. வாய்ட், ஹாஃப்மன் இருவரும் சிறந்த நடிகர் விருதுக்குப் பரிந்துரைக்கப்பட்டார்கள்.

படத்தில் மரியனின் பெயர்? இல்லவே இல்லை.

1987இல் 'லெதல் வெப்பன்' படத்துக்கு அவர் டேனி க்ளோவரைச் சொன்னார். இயக்குநர் ரிச்சர்டு டானர் முதலில் தயங்கினார். காரணம், க்ளோவர் கறுப்பினத்தவர். கதையில் அந்தப் பாத்திரம் வெள்ளையர் என்று எங்கேயும் எழுதியிருக்கவில்லை! அப்படித் தயங்கியதற்காகப் பிறகு தான் வெட்கப்பட்டதை டானரே சொல்லியிருக்கிறார்.

இவ்வளவு செய்தவருக்குச் சிறப்பு ஆஸ்கர் தரவேண்டும் என்று 1991இல் பல நடிகர்களும் இயக்குநர்களும் அகாதமிக்குக் கடிதம் எழுதினார்கள். கிடைக்கவில்லை. இயக்குநர் சங்கத் தலைவராக இருந்த டெய்லர் ஹேக்ஃபோர்டு, இவர்களுக்கு 'டைரக்டர்' என்ற பட்டமே பொருந்தாது என்று அந்த ஆவணப்படத்தில் வாதிடுகிறார். கடைசி முடிவு இயக்குநருடையது அல்லவா என்பது அவர் கட்சி. எனக்கு இது சரியாகப் படவில்லை. ஒளிப்பதிவாளர் எடுக்கும் ஷாட்டுக்கும் இயக்குநர்தான் ஓகே சொல்கிறார். அதற்காக ஒளிப்பதிவுக்கு விருது கொடுக்காமலா இருக்கிறார்கள்? இந்தத் தொழிலில் பெண்களே அதிகம் என்பதும் இதை யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளாததற்கு ஒரு காரணமோ என்று தோன்றுகிறது. 'டாக்ஸி டிரைவர்', 'ஆனி ஹால்' படங்களுக்கு நடிகர்களைத் தேர்ந்தெடுத்த ஜூலியட் டெய்லர்கூட மரியனின் அலுவலகத்தில் வளர்ந்தவர்தான்.

மரியன் 2011 டிசம்பரில் காலமானார். அகாதமியில் காஸ்டிங் டைரக்டர்களுக்குத் தனிப் பிரிவு வந்தது 2013இல். 2016இல் லின் ஸ்டால்மாஸ்டருக்குக் கௌரவ ஆஸ்கர் கொடுத்தார்கள். காஸ்டிங்குக்கென்று தனி விருது என்ற அறிவிப்பு 2024இல்தான் வந்தது. அதுவும் 2025இல் வெளியாகும் படங்களிலிருந்து.

சொதப்பிய ஒரு பையனை மறக்காமல் வைத்திருந்து இரண்டாவது வாய்ப்பு கொடுத்தவர் மரியன். அவரை நினைத்துப் பார்க்க சினிமாவுக்கு இத்தனை காலம் ஆகியிருக்கிறது. அடுத்த படத்தில் டைட்டில் ஓடும்போது பாப்கார்ன் வாங்க எழுந்து போகாமல், அந்த ஒரு பெயரையாவது படித்துவிட்டுப் போகலாம் என்று இருக்கிறேன்.