தேனுண் சிறுபறவைகளின் அளவும் இனமும்

பூந்தேனையுண்டு வாழும் சிறுபறவைகளை இனம்பிரிக்கப் புகுந்த அறிஞரை, அலகின் வடிவமும் உடலின் அளவும் நெடுங்காலம் மயக்கின. சுவீடன் நாட்டு இலின்னேயசு 1758இல் வெளியிட்ட தம் நூலின் பத்தாம் பதிப்பில், அமெரிக்க ஹம்மிங் பறவைகளைத் 'துரோக்கிலசு' என்னும் பேரினத்துள் அடக்கினார். ஈராண்டின் பின் பிரெஞ்சு அறிஞர் பிரிசன், வளைந்த அலகினவற்றை ஒருபாலும் நேரலகினவற்றை மறுபாலும் வைத்தார். அடையாளங் காண்பதற்கு இம்முறை எளிது, உறவறிவதற்குப் பயன்படாது.

இலங்கைத் தேன்சிட்டுக்கள் பட்ட பாடு இதனினும் விந்தையானது. 1766இல் இலின்னேயசு அவற்றுள் இரண்டிற்குப் பெயரிட்டார். ஒன்று இத்தீவின் பெயரால் 'செய்லோனிக்கா' ஆயிற்று. மற்றையது, 1752 முதல் 1757 வரை இங்கு ஒல்லாந்தத் தேசாதிபதியாயிருந்த லோத்தனின் பெயரால் 'லோத்தேனியா' ஆயிற்று. பெயர் பொருந்தினும் இடம் பொருந்தவில்லை. மரப்பட்டையிற் பற்றியேறிப் பூச்சி தேடும் ஐரோப்பியப் பறவைக்குரிய 'சேர்த்தியா' என்னும் பேரினத்திலேயே இவ்விரண்டும் சேர்க்கப்பட்டன. இரு சாராரிடத்தும் மெலிந்து வளைந்த அலகு உண்டு, ஒற்றுமை அவ்வளவே. கியூவியே 'சின்னிரிசு' என்னும் பேரினத்தை வகுத்த பின்னரே தேன்சிட்டுக்கள் தமக்குரிய இடத்தை அடையத் தொடங்கின. 1825இல் விக்கர்சு, இவற்றிற்கும் ஹம்மிங் பறவைகளுக்கும் தனித்தனிக் குடும்பம் அமைத்தார்.

அளவை நம்பியிட்ட பெயரும் நிலைக்கவில்லை. யமேக்காத் தீவின் ஹம்மிங் பறவையொன்றுக்கு இலின்னேயசு 'மினிமசு', அதாவது மிகச் சிறியது, எனப் பெயரிட்டார். 1850இல் கியூபாவிலிருந்து அதனினுஞ் சிறியதொன்று விவரிக்கப்பட்டது. ஏறத்தாழ 2 கிராம் நிறையும் 5 முதல் 6 சதமமீற்றர் நீளமுமுடைய அதுவே இன்று உலகின் மிகச் சிறிய பறவை. 'மிகச் சிறியது' என்னும் பெயரோ யமேக்காப் பறவையை விட்டு நீங்கவில்லை!

நீளத்தைக் கொண்டு ஒப்பிடுவதிலும் இடர் உண்டு. அலகு நுனி முதல் வால் நுனி வரை அளப்பது வழக்கம். வாளலகு ஹம்மிங் பறவையின் அலகோ ஏறத்தாழ 10 சதமமீற்றர். உடலின் நீளத்தையே விஞ்சுவது. நூதனசாலைக்கெனத் தோலுரித்துப் பஞ்சடைத்த உடல்கள் நீளவும் சுருங்கவும் கூடும்; உயிருள்ள பறவையின் நிறையை அவற்றிலிருந்து அறிதல் அரிது. ஆதலின் மடித்த சிறகின் நீளமே நம்பத்தக்க அளவாகக் கொள்ளப்பட்டது.

நம் தோட்டத்துத் தேன்சிட்டு ஏறத்தாழ 10 சதமமீற்றர் நீளமுடையது. கியூபாப் பறவை அதன்முன் மிகச் சிறிது. தென்னமெரிக்கப் பேருரு ஹம்மிங் பறவையோ ஏறத்தாழ 20 கிராம் நிறையுடன் தேன்சிட்டை விஞ்சும். சிறுமை ஒரு குடும்பத்தின் தனியுடைமையன்று. ஹம்மிங் பறவையின் நெருங்கிய உறவினம் உழவாரன். தேன்சிட்டின் உறவோ கிளையமரும் பாடும் பறவைகளுடன். முன்னது அந்தரத்தில் நின்று தேன் பருகும். பின்னது பெரும்பாலும் கொம்பைப் பற்றியமர்ந்தே பருகும். ஒத்த உணவு இரு வேறு வழியினரை ஒத்த தோற்றத்திற்குக் கொணர்ந்தது.

அப்பேருருப் பறவையுங்கூட ஓரினமன்று என்பது 2024இல் வெளியான மரபணு ஆய்வாற் புலனாயிற்று. ஒன்று அந்தீசு மலையின் உயரங்களை நீங்காது வாழ்வது. மற்றையது சிலியில் முட்டையிட்டுப் பின் அம்மலைக்கு வலசை செல்வது. இரண்டும் தோற்றத்தில் ஏறக்குறைய ஒன்றே.